கிணற்றடி ஈரப்பலா: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

எங்கள் வீட்டுக் கிணற்றடியில் ஓர் ஈரப்பலா நிற்கிறது. மார்த்தாண்டத்துக்குப் பக்கத்து ஊர். தாத்தா வைத்த மரம். வழியில் போகிறவர்கள் நின்று அண்ணாந்து பார்த்து, "இலை பப்பாளி மாதிரி இருக்கு, காய் பலா மாதிரி இருக்கு, இது என்ன மரம்?" என்று கேட்காத நாள் குறைவு. காய் கொடுத்தனுப்பினால் மறுநாள் இன்னும் நாலு கேள்வி வரும். அப்படிப் பல வருடமாகக் கேட்டவற்றையும், எனக்குத் தெரிந்த பதில்களையும் இங்கே சேர்த்து எழுதுகிறேன்.

ஈரப்பலா, சீமைப்பலா, கடச்சக்கை எல்லாம் ஒன்றுதானா?

ஒன்றுதான். இலங்கைத் தமிழர் ஈரப்பலா என்பார்கள், பேச்சில் ஈரப்பிலாக்காய். தமிழ்நாட்டில் சீமைப்பலா, கறிப்பலா என்ற பெயர்களும் உண்டு. மலையாளத்தில் கடச்சக்கை, சீமைச்சக்கை. மங்களூர்ப் பக்கம் துளுக்காரர்கள் ஜீகுஜ்ஜே என்பார்கள், கோவாவில் நீர்பணஸ், சிங்களத்தில் தெல். கடல் கடந்து வந்தது என்பதால்தான் 'சீமை' ஒட்டிக்கொண்டது. சீமைக்கத்தரி, சீமைக்கருவேலம் வரிசையில் இதுவும் ஒன்று.

தாவரவியல் பெயர் ஆர்ட்டோகார்ப்பஸ் ஆல்டிலிஸ். கிரேக்கத்தில் 'ஆர்ட்டோஸ்' என்றால் ரொட்டி, 'கார்ப்போஸ்' என்றால் கனி. நம் பலாவும் இந்த ஆர்ட்டோகார்ப்பஸ் பேரினத்தில்தான் இருக்கிறது. முக்கனியில் ஒன்றான பலா, பசிபிக் தீவுக்கார ஈரப்பலாவின் பெயரைச் சுமந்துகொண்டு நிற்கிறது. இதை முதலில் அறிந்தபோது எனக்குக் கொஞ்சம் வியப்பாகவே இருந்தது.

பலாவுக்கும் இதற்கும் என்ன வித்தியாசம்?

காயை அறுத்துப் பார்த்தால் உடனே தெரிந்துவிடும். பலாவில் சுளை, கொட்டை, சடை. ஈரப்பலாவில் சுளை கிடையாது. நடுவில் ஒரு தண்டு, அதைச் சுற்றி ஒரே வெள்ளைச் சதை, அவ்வளவுதான். பலா அடிமரத்திலும் பெருங்கிளையிலும் காய்க்கும்; இது கிளை நுனியில் காய்க்கும். பலா இலை சின்னது, முழுசானது. இதன் இலை ஒரு முழத்துக்கு மேல் நீளமாக, ஆழமாகக் கிழித்துவிட்டது போல இருக்கும். காய் பெரும்பாலும் 1 முதல் 4 கிலோ வரை. தோலில் முள் இருக்காது. தேன்கூடு போலக் கட்டம் கட்டமாக இருக்கும். ஒவ்வொரு கட்டமும் ஒரு பூ. 1,500 முதல் 2,000 பூக்கள் ஒன்றாக ஒட்டி வளர்ந்ததுதான் நாம் ஒரு காய் என்று சொல்வது.

ஆல், அரசு, அத்தி, மல்பெரி எல்லாம் இதே குடும்பம். ஒரு இலையைக் கிள்ளினால் பால் வடிவதைப் பார்த்தாலே உறவு புரியும்.

எங்கள் பக்கத்தில் அயினி என்று ஒரு காட்டு மரம் உண்டு. கேரளத்தில் ஆஞ்சிலி. அதன் பழம் கைக்குள் அடங்கும், முள்ளாக இருக்கும், உள்ளே ஆரஞ்சு நிறச் சுளை. சிலர் அதையும் இதையும் குழப்பிக்கொள்கிறார்கள். அது வேறு இனம். இலங்கைக் காடுகளில் உள்ள காட்டுத் தெல்லும் வேறு. அது அந்தத் தீவில் மட்டுமே இயற்கையாக வளர்வது. அதன் கொட்டையை வறுத்துச் சாப்பிடுவார்கள்.

காயில் கொட்டையே இல்லை. பிறகு மரம் எப்படி உண்டாகிறது?

என்னைக் கேட்டால், இந்த மரத்தைப் பற்றித் தெரிந்துகொள்ள வேண்டிய முதல் விஷயம் இதுதான்.

பொதுவாக ஒரு செடியின் உயிரணுவில் தாய்வழியில் ஒன்று, தந்தைவழியில் ஒன்று என்று இரண்டு தொகுதி குரோமோசோம்கள் இருக்கும். விதையில்லாத ஈரப்பலாவில் மூன்று தொகுதி. மூன்றைச் சமமாகப் பிரிக்க முடியாது, ஆகவே விதை பிடிப்பதில்லை. நாம் சாப்பிடும் பெரும்பாலான வாழைக்கும் இதே கதை. மகரந்தம் சேராமலேயே காய் திரளும். ஆனால் அந்தக் காய் எங்கே விழுந்தாலும் மரம் முளைக்காது. வௌவாலோ பறவையோ இதைப் பரப்பவும் முடியாது.

அப்படியென்றால் யோசித்துப் பாருங்கள். உலகத்தில் எங்கெல்லாம் விதையில்லா ஈரப்பலா நிற்கிறதோ, அங்கெல்லாம் யாரோ ஒருவர் வேரைத் தோண்டி எடுத்து, ஈரம் காயாமல் கொண்டுபோய் நட்டிருக்கிறார். தானாக வந்த மரம் ஒன்றுகூட இல்லை. எங்கள் கிணற்றடி மரத்தின் வேர்க்கன்றைத் தாத்தா ஓர் உறவுக்காரர் வீட்டிலிருந்து சாக்கில் சுற்றி எடுத்து வந்தாராம். அந்த வீட்டு மரத்துக்கும் அதற்கு முந்திய ஒரு மரம் இருந்திருக்கும். அந்தச் சங்கிலியைப் பின்னோக்கிப் பிடித்துக்கொண்டே போனால் பசிபிக் கடலில் ஒரு தீவில் போய் நிற்கும்.

விதையுள்ள ஈரப்பலாக்களும் இருக்கின்றன. ஆனால் நம் பக்கம் வீட்டுத் தோட்டங்களில் நிற்பது பெரும்பாலும் விதையில்லாததுதான்.

சொந்த ஊர் எது?

நியூ கினி பக்கம். அங்கே ஆர்ட்டோகார்ப்பஸ் கமான்சி என்ற காட்டினம் இருக்கிறது. அதன் காயில் கொட்டைகள் நிறைய. சதையை விட்டுக் கொட்டையைத்தான் தின்பார்கள். அதுதான் ஈரப்பலாவின் மூதாதை.

அங்கிருந்து கிழக்கே கடலோடிப் போன மக்கள், படகில் சேப்பங்கிழங்கு, வாழை, தென்னையோடு இதன் வேர்க்கன்றுகளையும் ஏற்றிக்கொண்டு போனார்கள். ஒவ்வொரு தீவிலும் நல்ல மரத்திலிருந்து கன்று எடுத்து எடுத்து, விதை குறைந்து கொண்டே வந்து, கிழக்கே டஹிட்டி வரை போனபோது விதையே இல்லாத ரகங்கள் நிலைத்துவிட்டன. வடமேற்கே மைக்ரோனேசியத் தீவுகளில் ஆர்ட்டோகார்ப்பஸ் மரியானென்சிஸ் என்ற இன்னொரு இனத்தோடு கலந்து, உப்புக்காற்றையும் தாங்கும் ரகங்கள் உருவாயின. பவளத் திட்டுகளில் வாழும் மக்களுக்கு அவை உயிர் காத்த மரங்கள்.

ஹவாயில் இதன் பெயர் உலு. பஞ்ச காலத்தில் தன் மனைவியும் பிள்ளைகளும் பட்டினி கிடப்பதைப் பார்க்கப் பொறுக்காமல் கூ என்ற தெய்வம் தரையில் தலைகீழாக நின்று மண்ணுக்குள் இறங்கிவிட்டதாகவும், அந்த இடத்தில் உலு மரம் முளைத்ததாகவும் அங்கே கதை சொல்கிறார்கள். அந்த மரத்தைச் சுற்றி வந்த சிறு கன்றுகளைத்தான் ஊரார் எடுத்து நட்டார்களாம். கதைக்குள்ளேயும் வேர்க்கன்று இருப்பதைக் கவனியுங்கள். மரத்தோடு பழகியவர்கள் கட்டிய கதை.

இந்த மரத்துக்காகக் கப்பலில் கலகம் நடந்தது உண்மையா?

நடந்தது. சற்று விரிவாகவே சொல்கிறேன், ஏனென்றால் பலரும் பாதிக் கதைதான் கேட்டிருக்கிறார்கள்.

கேப்டன் ஜேம்ஸ் குக்கோடு 1769இல் டஹிட்டிக்குப் போன தாவர ஆர்வலர் ஜோசப் பேங்க்ஸ் இந்த மரத்தைக் கண்டு அசந்துபோனார். பாடுபடாமல் சாப்பாடு தொங்குகிறதே என்று. அதே காலத்தில் கரீபியன் தீவுகளில் ஆங்கிலேயக் கரும்புத் தோட்ட முதலாளிகளுக்கு ஒரு கவலை. அமெரிக்க விடுதலைப் போர் காரணமாக அங்கிருந்து வரும் தானியம் நின்றுபோனது. புயல்களும் வரிசையாக அடித்தன. ஜமைக்காவில் ஆப்பிரிக்க அடிமைகள் பட்டினியில் செத்தார்கள். ஆளுக்குச் செலவில்லாமல் சோறு போட ஒரு மரம் வேண்டும் என்று முதலாளிகள் அரசிடம் கேட்டார்கள்.

அதற்காக 1787 டிசம்பரில் இங்கிலாந்திலிருந்து கிளம்பியதுதான் பவுண்டி கப்பல். தலைவர் வில்லியம் பிளை. கன்றுகளைக் கவனிக்க டேவிட் நெல்சன் என்ற தோட்டக்காரரும் உடன் போனார். கேப்டனின் பெரிய அறையையே கன்றுகளுக்கான நாற்றங்காலாக மாற்றியிருந்தார்கள். 1788 அக்டோபரில் டஹிட்டி சேர்ந்து, வேர்க்கன்றுகள் எடுத்து, தொட்டியில் பிழைக்கிறதா என்று பார்த்து, 1789 ஏப்ரலில் 1,015 கன்றுகளோடு புறப்பட்டார்கள். கன்று தேறுவதற்காகத் தீவில் தங்கிய அந்த ஐந்து மாதத்தில் மாலுமிகளுக்கு ஊர் பழகிவிட்டது. திரும்பக் கப்பலேற மனமில்லை. ஏப்ரல் 28ஆம் தேதி, டோங்கா தீவுகளுக்கு அருகே கலகம் வெடித்தது. பிளையையும் அவரோடு 18 பேரையும் ஒரு சிறு படகில் இறக்கிவிட்டார்கள். கன்றுகள் அத்தனையும் கடலில் எறியப்பட்டன.

பிளை அந்தத் திறந்த படகிலேயே 3,600 கடல் மைல் கடந்து திமோர் தீவின் குபாங்கை அடைந்தார். தோட்டக்காரர் நெல்சனும் அந்தப் படகில் உயிரோடு வந்து சேர்ந்தார். ஆனால் கரையேறிய சில வாரங்களிலேயே காய்ச்சலில் இறந்துபோனார். கலகக்காரர்களைப் பற்றி எத்தனையோ பேசுகிறார்கள். ஆயிரம் கன்றைப் பிள்ளை போல வளர்த்து, அத்தனையையும் இழந்துவிட்டுப் போய்ச் சேர்ந்த நெல்சனைப் பற்றிப் பேசுவோர் குறைவு.

பிளை மறுபடியும் போனார். 1791இல் பிராவிடன்ஸ் என்ற கப்பலில். இந்தத் தடவை 2,000க்கும் மேற்பட்ட கன்றுகள். வழியில் குடிதண்ணீர் குறைந்தபோது கன்றுகளுக்கே முதலிடம். அந்தக் கப்பலில் இளைஞராக இருந்த மேத்யூ ஃபிளிண்டர்ஸ், பின்னாளில் ஆஸ்திரேலியாவைக் கடல்வழியே சுற்றிவந்து வரைபடம் எழுதியவர், தோட்டக்காரர் தண்ணீர் கொண்டுபோகும்போது படியில் சிந்திய துளிகளை நக்கிக் குடித்ததாக நினைவுகூர்ந்திருக்கிறார். 1793 தொடக்கத்தில் செயின்ட் வின்சென்ட் தீவிலும் ஜமைக்காவிலும் கன்றுகள் இறங்கின.

அங்கே அதைச் சாப்பிட்டார்களா?

உடனே இல்லை. அடிமைகள் தங்களுக்குப் பழகிய வாழைக்காயையும் கிழங்கையும் விட்டு, முதலாளி திணித்த காயைத் தொட மறுத்தார்கள். பல காலம் அது பன்றிக்குப் போனது. மனிதரை விலைக்கு வாங்கி, அவர்களுக்கு மலிவாகத் தீனி தேடிய கணக்கில் வந்த மரம் அது. அவர்கள் முகம் சுளித்ததில் நியாயம் இருந்தது.

அடிமைத்தனத்திலிருந்து விடுதலையான பிறகு நிலைமை மாறியது. சொந்தக் கொல்லையில் நட்டார்கள், சொந்தக் கைப்பக்குவத்தில் சமைத்தார்கள். இன்று சுட்ட ஈரப்பலாவும் பொரித்த மீனும் செயின்ட் வின்சென்ட் நாட்டின் தேசிய உணவு. கிரனடாவில் ஈரப்பலாவை உப்புக்கண்டம், கீரை, மஞ்சள், தேங்காய்ப்பாலோடு சேர்த்து, பால் சுண்டி எண்ணெய் அடியில் நிற்கும்வரை வேகவைக்கிறார்கள். அதுதான் அவர்களுடைய தேசிய உணவு. மஞ்சளும் தேங்காய்ப்பாலும் என்றதும் நமக்கு வாசனை வந்துவிடுகிறது இல்லையா?

என் ஊரில் வளருமா?

குளிர் ஆகாது, வறட்சி ஆகாது, வேரில் தண்ணீர் தேங்குவது ஆகாது. இந்த மூன்றையும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். 21 முதல் 32 டிகிரி வெப்பம், ஆண்டுக்கு 1,500 மில்லிமீட்டருக்கு மேல் மழை, 600 மீட்டருக்குக் கீழான உயரம் இருந்தால் மரம் சந்தோஷமாக இருக்கும்.

கன்னியாகுமரி மாவட்டத்தின் மேற்குப் பகுதி, கேரளம், இலங்கையின் ஈரப் பகுதி எல்லாம் இதற்கென்றே அமைந்தவை. குற்றாலச் சாரல் விழும் ஊர்களிலும், கல்லாறு, பர்லியாறு போல மங்குஸ்தானும் துரியனும் காய்க்கிற மலையடிவாரங்களிலும் துணிந்து வைக்கலாம். ஊட்டி, கொடைக்கானலில் வேண்டாம். உள்மாவட்டங்களில், வெயில் மாதங்களில் அனல்காற்று வீசும் இடங்களில், இளங்கன்று காய்ந்துபோகும். கிணற்றடி, பாத்திரம் கழுவும் தண்ணீர் போகிற இடம், தென்னை நிழல் இருந்தால் முயற்சி செய்து பாருங்கள். முதல் இரண்டு மூன்று கோடையைத் தாண்ட வைப்பதுதான் பெரும்பாடு.

ஒன்று மட்டும் முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன். இது 12, 15 மீட்டர் உயரம் போகிற மரம். கிளை அகன்று விரியும். 2 கிலோ காய் ஓட்டின் மேல் விழுந்தால் ஓடு தாங்காது. வீட்டுச் சுவரிலிருந்து குறைந்தது 6 மீட்டராவது தள்ளி வையுங்கள்.

வேர்க்கன்று எப்படி எடுப்பது?

மேல்மட்டத்தில் ஓடும் வேரில் மண்வெட்டி பட்டாலோ, மாடு மிதித்தாலோ, அந்தக் காயத்திலிருந்து தானாகக் கன்று கிளம்பும். வேண்டுமென்றும் செய்யலாம். அடிமரத்திலிருந்து ஓர் ஆள் நீளம் தள்ளி, விரல் பருமனுக்குக் கொஞ்சம் கூடுதலான வேரை மண் விலக்கிப் பார்த்து, தோலை லேசாகக் கீறிவிட்டு, மறுபடி மண்ணும் சருகும் மூடி ஈரமாக வைத்திருங்கள். சில மாதத்தில் முளை தலைகாட்டும்.

அவசரப்பட்டுப் பிடுங்காதீர்கள். நான் முதலில் எடுத்த கன்று செத்தது என் அவசரத்தால்தான். ஒரு சாண் உயரம் வந்ததுமே தோண்டினேன். இலை பெரிதாக இருந்தது, ஆனால் அதற்கென்று சொந்த வேர் விடவில்லை. தாய் வேரை நம்பித்தான் நின்றிருக்கிறது. மூன்றாம் நாள் தொங்கிவிட்டது. இரண்டாவது தடவை, கன்று முழங்கால் உயரம் வரும்வரை விட்டேன். பிறகு தாய்மரத்துப் பக்கம் உள்ள வேரை மட்டும் வெட்டிவிட்டு, கன்றை அசைக்காமல் இன்னும் ஒன்றரை மாதம் அங்கேயே வைத்திருந்தேன். அதற்குள் அது தனக்கென்று சல்லிவேர் விட்டுவிட்டது. அப்புறம் மண்கட்டியோடு எடுத்து, பெரிய இலைகளைப் பாதியாக நறுக்கிவிட்டு, பையில் நட்டு நிழலில் வைத்தேன். அது இப்போது என் தங்கை வீட்டில் காய்க்கிறது.

வேரை ஒரு சாண் துண்டுகளாக வெட்டி மணலும் தேங்காய் நாரும் கலந்த படுக்கையில் கிடத்தியும் முளைக்க வைக்கலாம். கிளையில் தோலைச் சீவி, ஈர மண் கட்டி வேர்விட வைக்கும் விண்பதியமும் போடலாம். எதுவானாலும் மழைக்காலத் தொடக்கத்தில் செய்யுங்கள்.

எத்தனை வருடத்தில் காய்க்கும்?

நன்றாகப் பார்த்துக்கொண்டால் 3 முதல் 6 வருடத்தில். முழுதாக வளர்ந்த மரம் வருடத்துக்கு 50 முதல் 150 காய் வரை கொடுக்கும். 50 வருடத்துக்கும் மேல் காய்க்கும். எங்கள் மரம் என்னைவிட மூத்தது.

மஞ்சளாக, நீளமாக, கதிர் மாதிரி நிறைய உதிர்கிறது. பிஞ்சு கொட்டுகிறதா?

பயப்படாதீர்கள், அது ஆண் பூக்கதிர். ஒரே மரத்தில் ஆண் கதிரும் பெண் பூத்திரளும் தனித்தனியாக வரும். ஆண் கதிர்தான் முதலில் வரும், வேலை முடிந்ததும் உதிரும். பொறுக்கிக் காயவைத்துச் சாணி வறட்டி மாதிரிக் கொளுத்தினால் கொசு விலகும். பசிபிக் தீவுகளில் காலங்காலமாகச் செய்வது. அதில் உள்ள சில கொழுப்பு அமிலங்கள் கொசுவை விரட்டுவதை ஆய்வாளர்கள் 2012இல் சோதித்து உறுதிப்படுத்தியிருக்கிறார்கள்.

உருண்டையான பச்சைப் பிஞ்சு கறுத்து விழுந்தால்தான் கவலைப்பட வேண்டும். தொடர்மழையில் பூஞ்சை போன்ற நோய்க்கிருமி பிடித்துக் காய் அழுகும். விழுந்ததை மரத்தடியில் போட்டுவைக்காமல் பொறுக்கி அகற்றுங்கள், உள்கிளைகளைக் கொஞ்சம் கழித்துக் காற்று நுழைய விடுங்கள்.

பறிக்கும் பக்குவம் எப்படித் தெரியும்?

தோலைப் பாருங்கள். இளங்காயில் கட்டங்கள் கூராக, நெருக்கமாக, பளிச்சென்ற பச்சையில் இருக்கும். முற்ற முற்றக் கட்டங்கள் தட்டையாகி, அவற்றின் இடையில் பழுப்புக் கோடு தெரியும், பச்சை மங்கி மஞ்சளடிக்கும். தோலில் ஆங்காங்கே பால் கசிந்து துளித்துளியாக உறைந்திருந்தால் அதுதான் சரியான நாள்.

துறட்டியால் இழுத்துக் கீழே விழவிட்டால் அடிபட்டுச் சீக்கிரம் கெடும். துறட்டியின் கீழே ஒரு வலைப்பை கட்டிக்கொள்ளுங்கள், அல்லது கீழே இரண்டு பேர் சாக்கை விரித்துப் பிடியுங்கள். பறித்ததும் காம்பைக் கீழ்நோக்கி வைத்துப் பால் வடியவிட வேண்டும். சட்டையில் பட்டால் போகாது. கையிலும் கத்தியிலும் முன்கூட்டியே தேங்காய் எண்ணெய் தடவிக்கொள்ளுங்கள், பலா அறுக்கிற அதே முறைதான்.

பறித்து இரண்டு நாளில் கனிந்து கொழகொழவென்று ஆகிவிடுகிறதே?

ஆகும். சந்தையில் இந்தக் காய் எளிதில் கிடைக்காததற்குக் காரணமே இதுதான். வெட்டாமல் முழுக்காயைக் குளிர்ந்த தண்ணீரில் அமுக்கி வைத்தால் இன்னும் சில நாள் தாங்கும். குளிர்பெட்டியில் வைத்தால் தோல் கறுக்கும், உள்ளே நன்றாகவே இருக்கும். நிறையக் காய் வந்துவிட்டால் தோல் சீவி, துண்டு போட்டு, அரைவேக்காடு வேகவைத்து உறைபெட்டியில் போட்டுவிடுங்கள். மாதக்கணக்கில் இருக்கும். மெல்லியதாகச் சீவி வெயிலில் உலர்த்தி மாவாகவும் அரைக்கலாம். அந்த மாவில் கோதுமையின் பசைப்புரதம் கிடையாது. கோதுமை ஒத்துக்கொள்ளாதவர்களுக்கு நல்லது.

தீவுக்காரர்கள் கண்ட வழி வேறு. குழி வெட்டி, இலை பரப்பி, தோல் சீவிய காய்களை அடுக்கி மூடிப் புளிக்க வைப்பார்கள். சமோவாவில் அதற்கு மாசி என்று பெயர். மாதங்கள், சில இடங்களில் வருடங்கள்கூடக் கெடாமல் இருக்கும். புயலடித்து மரமெல்லாம் சாய்ந்தாலும் குழியில் சோறு இருக்கும். வேண்டியபோது எடுத்துப் பிசைந்து, இலையில் சுற்றிச் சுட்டுத் தின்பார்கள்.

எப்படிச் சமைத்தால் நன்றாக இருக்கும்?

எங்கள் வீட்டில் தீயல்தான் முதலிடம். தேங்காயைக் கறுக்க வறுத்து அரைத்து, புளி ஊற்றி, ஈரப்பலாத் துண்டு போட்டால் கறிச்சுவை வந்துவிடும். இலங்கையில் தேங்காய்ப்பால், பச்சை மிளகாய், மஞ்சள் போட்டுப் பால்கறி வைப்பார்கள். சோற்றோடும் நன்றாக இருக்கும், இடியப்பத்தோடும் நன்றாக இருக்கும். மங்களூர்க்காரர்கள் மெல்லியதாகச் சீவிப் பஜ்ஜி போடுவார்கள். வறுவலுக்கு நன்கு முற்றிய காயை எடுங்கள், இல்லாவிட்டால் எண்ணெய் குடிக்கும்.

ஆனால் நம் பக்கத்தில் யாரும் செய்யாத ஒன்றைச் செய்து பார்க்கச் சொல்லி எல்லோரையும் கெஞ்சுகிறேன்: சுட்டுச் சாப்பிடுங்கள். முற்றிய காயின் காம்பைக் குடைந்து எடுத்துவிட்டு, மறுபக்கத்தில் சிறு குறுக்குக் கீறல் போட்டு, முழுசாகத் தணலில் வையுங்கள். திருப்பித் திருப்பிவிட்டு முக்கால் மணி முதல் ஒரு மணி நேரம். மேல்தோல் முழுக்கக் கரியாகி, காம்புக் குழியிலிருந்து ஆவி வந்தால் வெந்துவிட்டது. தோலைச் சீவி, நடுத்தண்டை எடுத்துவிட்டு, சூடாக நறுக்கி, உப்பும் வெண்ணெயும் போட்டுத் தின்றுபாருங்கள். அப்போதுதான் வெள்ளைக்காரன் ஏன் இதற்கு ரொட்டிப்பழம் என்று பெயர் வைத்தான் என்று புரியும். 17ஆம் நூற்றாண்டின் கடைசியிலேயே வில்லியம் டாம்பியர் என்ற மாலுமி, குவாம் தீவில் இதைச் சுட்டுத் தின்றுவிட்டு ரொட்டியோடு ஒப்பிட்டு எழுதினார். நாம் இதைக் கறிக்காய் என்று ஓர் ஓரத்தில் வைத்துவிட்டோம். அது பிறந்த இடத்தில் இது சோறு. அந்த இடத்தில் வைத்துப் பார்க்க வேண்டிய காய் என்பது என் உறுதியான எண்ணம்.

பழுத்துவிட்டால் தூக்கி எறிய வேண்டுமா?

வேண்டவே வேண்டாம். பழுத்தது மெத்தென்று, இனிப்பாக, மணமாக இருக்கும். அரிசிமாவோடு பிசைந்து அடை தட்டலாம், பணியாரம் சுடலாம். செய்ஷெல்ஸ் தீவுகளில் தேங்காய்ப்பால், சர்க்கரை, வெனிலா, ஜாதிக்காய் போட்டு லதோப் என்று ஒரு பாயசம் போலச் செய்கிறார்கள். அந்தத் தீவில் ஈரப்பலா சாப்பிட்டவர் ஒரு நாள் கட்டாயம் திரும்பி வருவார் என்றும் அங்கே ஒரு நம்பிக்கை உண்டு.

சர்க்கரை நோய் இருப்பவர் சாப்பிடலாமா?

100 கிராம் ஈரப்பலாவில் சுமார் 27 கிராம் மாவுச்சத்து. வெந்த வெள்ளைச் சோற்றிலும் ஏறக்குறைய அவ்வளவுதான். ஆனால் இதில் நார்ச்சத்து 5 கிராம் அளவுக்கு இருக்கிறது. வெள்ளைச் சோற்றில் ஒரு கிராம்கூடத் தேறாது. ஆகவே சோற்றுக்குப் பதிலாகச் சாப்பிட்டால் லாபம். சோறும் போட்டு, மேலே ஈரப்பலாக் கறியும் ஒரு கிண்ணம் வைத்தால் இரண்டு தடவை சோறு சாப்பிட்ட மாதிரி. எங்கள் அம்மாவுக்கு இதைப் புரிய வைக்கத்தான் எனக்கு நெடுநாள் ஆனது. 'காய்தானே' என்பார்.

பொட்டாசியம் 100 கிராமுக்கு 490 மில்லிகிராம். சிறுநீரகக் கோளாறு உள்ளவர்கள் மருத்துவரைக் கேட்காமல் சாப்பிட வேண்டாம்.

மரம் வேறு எதற்கும் பயன்படுமா?

கட்டை எடை குறைவு. ஹவாயில் படகும் அலைச்சறுக்குப் பலகையும் செய்தார்கள். பாலைப் படகின் இடுக்கை அடைக்கவும், கிளையில் பூசிப் பறவை பிடிக்கவும் பயன்படுத்தினார்கள். இலையை ஆடு விரும்பித் தின்னும்.

ரகங்கள் எத்தனை? நல்ல ரகம் எது?

பசிபிக்கில் நூற்றுக்கணக்கான ரகங்களுக்குப் பெயர் உண்டு. ஹவாயின் மாவி தீவில் உள்ள கஹானு தோட்டத்தில் சுமார் 150 ரகங்களைச் சேர்த்து வளர்க்கிறார்கள். தீவு தீவாகப் போய் அவற்றைத் திரட்டியவர் டயான் ரகோன் என்ற தாவரவியலாளர். 2003இல் அங்கே ஈரப்பலாவுக்கென்றே ஓர் ஆய்வு நிறுவனமும் தொடங்கினார்கள். சமோவாவின் மாஅஃபாலா ரகம் கொஞ்சம் குட்டையாக, காயும் சிறியதாக இருக்கும். திசு வளர்ப்பில் பெருக்கிப் பல நாடுகளுக்கு அனுப்புகிறார்கள். நம் ஊரில் ரகம் பார்த்து வாங்கும் வசதி அநேகமாக இல்லை. தெரிந்த வீட்டில், காயைத் தின்று பார்த்து, அந்த மரத்தின் கன்றை வாங்குங்கள். தாயின் நகல்தான் கன்று. தாய் எப்படியோ அப்படியே வரும்.

உங்களிடம் கன்று கிடைக்குமா? தூர ஊருக்கு எப்படிக் கொண்டுபோவது?

வருடத்துக்கு நாலைந்து எடுக்க முடிகிறது. விலை கிடையாது. ஊர்க்காரர், உறவுக்காரர் என்று ஏற்கெனவே வரிசை இருக்கிறது, ஆகவே காத்திருக்க வேண்டிவரும். அதற்குள் உங்கள் பக்கத்திலேயே யார் வீட்டிலாவது மரம் நிற்கிறதா என்று விசாரித்துப் பாருங்கள். கேட்டால் கொடுக்காதவர்களை நான் பார்த்ததில்லை.

கொண்டுபோகும்போது பையோடு சேர்த்து ஈரச் சாக்கில் சுற்றுங்கள். இலையைப் பாதியாக நறுக்கிவிடுங்கள். பஸ்ஸில் இன்ஜின் பக்கம் வைக்காதீர்கள், அங்கே சூடு. சன்னல் ஓரத்திலும் வேண்டாம், காற்று ஈரத்தை உறிஞ்சிவிடும். காலடியில் வைத்துக்கொண்டு, வண்டி நிற்கிற ஊரிலெல்லாம் ஒரு கை தண்ணீர் தெளியுங்கள். வீடு சேர்ந்ததும் உடனே நடாமல் பத்து நாள் நிழலில் வைத்திருங்கள். புது இலை மடிப்பு பிரிந்த பிறகு குழியில் இறக்கலாம்.